வெயிலுக்கு லெரிவ்

ஜூன் 11, புதன்

வெயில். இன்று வெயில் என்றே எழுதுகிறேன். இனிமேல் ஒளித்து எழுதி என்ன ஆகப்போகிறது.

காலையில் நோட்டை எடுத்தால் பழைய பக்கங்களுக்கு நடுவிலிருந்து ஒரு காலண்டர் தாள் விழுந்தது. ஞாயிற்றுக்கிழமைத் தாள், மடித்தது. பின்பக்கம் பென்சில். அப்பா கையெழுத்து.

லெரிவ் = வெயில்
ல = வ, ர = ய, வ = ல

அதற்கு மேல் படிக்கவில்லை. கசக்கி அரிசி டப்பா மேல் எறிந்தேன். ரயிலுக்கு நேரமாகிவிட்டது, சாப்பிடாமல் ஓடினேன்.

பத்தாம் வகுப்பிலிருந்து இந்த எழுத்து. இலக்கண வகுப்பில் தூக்கம் வராமல் இருக்கக் கண்டுபிடித்தது. க-வுக்கு ங, ங-வுக்கு க. அப்படியே ச-ஞ, ட-ண, த-ந, ப-ம, ற-ன. இடையினத்தில் ய-ர, ல-வ, ழ-ள. உயிரெழுத்து, கால், கொம்பு எதிலும் மாற்றம் இல்லை. அவ்வளவுதான். நாற்பத்து நான்கு வயதில் கணக்கு டீச்சருக்கு இது ஒரு பூட்டா என்று யாராவது சிரிக்கலாம். சிரிக்கட்டும். வீட்டில் எனக்கென்று கதவு சாத்திக்கொள்ள ஓர் அறை இல்லை, இந்த நோட்டு இருந்தது.

எப்படிக் கண்டுபிடித்தார் என்று யோசிக்கவே வேண்டாம். போன மாதக் கடைசி ஞாயிறு டிவியில் போட்ட அந்தப் படம். இரண்டாம் உலகப் போர், ஜெர்மன்காரனின் சங்கேதப் பெட்டி, தமிழ் டப்பிங். நான்தான் 'வாப்பா, உனக்குப் பிடிக்கும்' என்று கூப்பிட்டு உட்கார வைத்தேன். புத்தி.

அதில் எதிரி தினமும் காலையில் முதல் செய்தியாக வானிலை அனுப்புவான். தினமும் ஒரே சொல், ஒரே இடத்தில். அதைப் பிடித்துக்கொண்டு மற்ற எழுத்தையெல்லாம் உடைப்பார்கள். நானும் தினமும் முதல் சொல்லாக வெயில் என்று எழுதுகிறேன். விழுப்புரத்தில் வேறென்ன எழுத?

அப்பா திங்கள் மதியம் கூட்டேரிப்பட்டு அத்தை வீட்டுக்குப் போனார். பையில் நான்கு சட்டை. 'ரெண்டு நாளு இருந்துட்டு வர்றேன்' என்றார். திருடிவிட்டு ஊரை விட்டுப் போவது போல.

ஜூன் 12, வியாழன்

வெயில். ரயில் இருபது நிமிடம் தாமதம். திண்டிவனம் ஸ்டேஷனிலிருந்து பள்ளிக்கூடம் வரை ஓட்டம். வாங்க வேண்டியது: சிவப்புப் பேனா, உளுந்து, அப்பாவுக்கு பி.பி. மாத்திரை (இருக்கட்டும், வந்த பிறகு).

ஸ்டாஃப் ரூமில் ஃபிசிக்ஸ் சாரும் அதே படம் பார்த்திருக்கிறார். 'அந்த ஒரே ஆளு மேடம். அவன் மட்டும் இல்லன்னா போர் முடிஞ்சே இருக்காது. ஜீனியஸ்.'

அந்த வானிலை விஷயத்தைச் சொன்னது யார், சார், என்று கேட்டேன். அவருக்கு நினைவில்லை. ஹெட்ஃபோன் மாட்டிய ஒரு பெண். படம் முழுக்க அவளுக்கு இரண்டே வசனம். ஒன்று, 'டீ வேணுமா'. இன்னொன்று, 'என் ஜெர்மன்காரன் தினமும் காலைல மழையா வெயிலான்னுதான் ஆரம்பிப்பான்'. உடனே ஹீரோ நாற்காலியைத் தள்ளிவிட்டு ஓடுகிறான். கேமரா அவன் பின்னாலேயே ஓடுகிறது. அவள் டீ மேசையிலேயே ஆறிப்போகிறது. கடைசியில் எல்லோரும் கட்டிப்பிடித்து அழும்போது அவள் எங்கே என்று யாரும் தேடவில்லை. பெயர்கூட வைக்கவில்லை.

அறை அறையாகப் பெண்கள் உட்கார்ந்திருக்கிறார்கள், ஷிப்டு போட்டு, கட்டம் கட்டமாகத் தாள் நிரப்பிக்கொண்டு. வேலை அதுதான். ஒருத்தன் கத்தினால் இயந்திரத்துச் சக்கரம் நின்று எழுத்து வரிசையாக வந்துவிடுமா. பத்தாம் வகுப்பு பிள்ளைகளுக்கு ஒரு வர்க்கமூலம் வரவைக்கவே எனக்கு ஒரு வாரம் ஆகிறது.

சார், 'படம்தானே மேடம், டென்ஷன் ஆகாதீங்க' என்றார்.

மாலை அத்தைக்கு போன். 'இன்னாடி சொன்ன உங்கப்பன? வந்ததுலேந்து ஒரு வாய் சரியா துன்னல. செவுத்த பாத்துக்கினே உக்காந்துகினு கீறாரு.' போனை அவரிடம் கொடுக்கச் சொன்னேன். வர மாட்டேன் என்றாராம். என் நோட்டைப் படித்தது அவர். கோபித்துக்கொள்வதும் அவரா?

ஜூன் 13, வெள்ளி

மேகம். நாலு சொட்டு. மாடியில் காய்ந்த துணியை எடுத்து மறுபடி போட்டேன்.

அரிசி டப்பா மேலிருந்து அந்தத் தாளை எடுத்துப் பிரித்தேன். திட்டுவதற்காவது முழுதாகப் படிக்க வேண்டும் அல்லவா.

வெயிலுக்குக் கீழே வரிசையாக எல்லா ஜோடியும். பளை = மழை என்று பிடித்து ப-வும் ம-வும் வாங்கியிருக்கிறார். முப்பது வருடம் மார்க்கெட் கமிட்டியில் மல்லாட்டை மூட்டை எடை போட்டவர், தினமும் பேப்பரில் குறுக்கெழுத்து போடுபவர், ஒரே நாளில் என் எழுத்தை உடைத்திருக்கிறார். கோபத்தோடு கோபமாக ஒரு பெருமையும் வந்து தொலைத்தது.

அதற்கும் கீழே, மார்ச் மாதத்துப் பக்கத்திலிருந்து ஒரு வரி. அம்மாவுக்கு முதல் வருட திதி கொடுத்த நாள்.

ஙணிநந்நை ஒழிந்நநு அப்பா. பற்றிங்ங பாண்ணேற்.

அதன் கீழ் அவர் பெயர்த்தது: கடிதத்தை ஒளித்தது அப்பா. மன்னிக்க மாட்டேன்.

'அப்பா'வுக்கு அடியில் இரண்டு கோடு.

சமையலறைத் தரையிலேயே உட்கார்ந்துவிட்டேன்.

நான் எழுதியது அம்மா. ம-வுக்கு ப போட்டால் அம்மா, அப்பா ஆகிவிடும். மற்ற இடத்திலெல்லாம் ப-வை ம என்று மாற்றியவர் இந்த ஒரு சொல்லை மட்டும் மாற்றவில்லை. மாற்ற ஏன் தோன்றும்? அது மட்டும்தான் படிக்க முடிந்த சொல்லாக இருந்தது.

வினைமுற்று போடாமல் எழுதுகிற என் பழக்கம் வேறு. 'ஒளித்தாள்' என்று எழுதியிருந்தால் அந்த ஒரு ள் அவரைக் காப்பாற்றியிருக்கும்.

ஆத்திரம் தீர எழுதிவிடுகிறேன். அப்போது எனக்கு இருபத்து மூன்று வயது. சென்னையில் மத்திய அரசு வேலை, புள்ளிவிவரத் துறை. எழுத்துத் தேர்வில் பாஸ். நேர்முகத் தேர்வுக்குக் கடிதம் வர வேண்டும். ஒரு மாதம் அப்பா தினமும் தபால் ஆபீஸுக்கு நடந்தார். வரவில்லை. நீ ஃபெயில் போல என்று ஊரே சொன்னது. அம்மா ஒன்றும் சொல்லாமல் எனக்கு முருங்கைக்கீரை பொரித்துப் போட்டாள். அப்போது ஒரு வரன் வந்துகொண்டிருந்தது. அதுவும் அமையவில்லை, அப்புறம் எதுவும் அமையவில்லை.

மார்ச்சில், திதிக்கு அம்மாவின் பட்டுப்புடவையை எடுக்கப் பெட்டியைத் திறந்தேன். மடிப்புக்குள் அந்தக் கடிதம். பிரித்துப் படித்து, மறுபடி ஒழுங்காக மடித்தது. அப்பா தபால் ஆபீஸுக்கு நடந்த ஏதோ ஒரு நாள் இவள் வாசலில் வாங்கியிருக்கிறாள். எரித்திருந்தால்கூட மனது ஆறியிருக்கும். இருபது வருடம் பத்திரமாக வைத்திருந்தாள்.

அப்பாவிடம் சொல்லவில்லை. தினமும் காலையில் அம்மா படத்துக்கு ஒரு முழம் பூ வைத்துவிட்டுத்தான் காபி குடிப்பார். அவரிடம் எப்படிச் சொல்வது.

இப்போது இரண்டு வழிதான். சொல்லாவிட்டால், ஒளித்தது அவர் என்று நான் நினைப்பதாகவே அவர் சாகிற வரை நினைப்பார். சொன்னால் அந்தப் பூ போய்விடும்.

செத்த பிறகும் அம்மாவே ஜெயிக்கிறாள்.

ஜூன் 14, சனி

வெயில், புழுக்கம். பள்ளிக்கூடம் அரைநாள். திண்டிவனத்திலிருந்து பஸ், கூட்டேரிப்பட்டில் இறங்கினேன்.

அத்தை வாசலிலேயே, 'வந்துட்டியா, இட்டுக்கினு போ. பேஜாரு புடிச்ச மனுசன்.'

அப்பா முறத்தில் மல்லாட்டை உரித்துக்கொண்டிருந்தார். நிமிரவில்லை. அத்தை டீ போட உள்ளே போனதும் அவரே ஆரம்பித்தார்.

'நோட்ட எடுத்தது தப்புதான். அம்மா திதி அன்னிக்கி நீ இன்னா எழுதியிருப்பன்னு பாக்கணும்னு தோணிச்சி. அந்த பக்கத்துல அம்மாவே இல்ல. நான்தான் கீறேன்.'

நான் அவர் பக்கத்தில் தரையில் உட்கார்ந்தேன்.

'ஒரு மாசம் தெனம் போய் நின்னேனேம்மா. அந்த போஸ்ட்மேன் என்ன பாத்தாலே தலைய ஆட்டிக்கினு போவான். நானா ஒளிப்பேன்?'

'இல்லப்பா.'

'பின்ன யாரு?'

ஒரு சொல்தான். நாக்கு நுனியில் நின்றது. அவர் உரித்த வேர்க்கடலையைத் தட்டில் போடாமல் கையிலேயே வைத்துக்கொண்டு என் முகத்தைப் பார்த்தார்.

'உன் பழைய மார்க்கெட் நோட்டுக்குள்ள இருந்திச்சிப்பா அந்த லெட்டரு. அதான் நீன்னு நெனச்சிட்டேன். எப்பவோ வாங்கி சொருகி வச்சி மறந்திருப்ப. அவ்ளோதான்.'

வாயிலிருந்து வந்தே விட்டது. கையிலிருந்ததை முறத்திலேயே போட்டார். பிறகு, 'மறந்துட்டனா' என்றார். என்னிடம் கேட்கவில்லை, முறத்திடம் கேட்டார்.

ஒளித்தவளைக் காப்பாற்ற, தினமும் வெயிலில் நடந்தவரை மறதிக்காரராக ஆக்கிவிட்டேன். எனக்கு என் மேலேயே காறித் துப்பலாம் போல இருந்தது.

பையை எடுத்துக்கொண்டு வந்தார். பஸ்ஸில் ஜன்னலோரம். அந்தப் படத்தில் ஒரு கப்பல் மூழ்கும். மூழ்கப்போகிறது என்று ஹீரோ கூட்டத்துக்கு முன்பே தெரியும். சொன்னால் எழுத்தை உடைத்தது எதிரிக்குத் தெரிந்துவிடும் என்று வாயை மூடிக்கொண்டு இருப்பார்கள். அதுதான் உருப்படியான ஒரே காட்சி. அதையே நினைத்துக்கொண்டு வந்தேன்.

விக்கிரவாண்டி டோல்கேட் தாண்டியதும் அவராகப் பேசினார்.

'அன்னிக்கி நான் மோட்டாரு போட எழுந்து போனேனே. அந்த படத்துல அப்ப இன்னா ஆச்சி? ஹீரோ கத்துறான்னு மட்டும் நீ சொன்ன.'

ஐந்து நாள் கழித்து அவர் சாதாரணமாகக் கேட்ட முதல் கேள்வி. அந்த சந்தோஷத்தில் கடகடவென்று சொன்னேன். அந்தப் பெட்டிக்கு ஒரு ஓட்டை இருந்திச்சிப்பா, எந்த எழுத்த அமுக்கினாலும் வேற எழுத்துதான் வரும், அதே எழுத்து மட்டும் வராது, அத வச்சிதான் பாதிய ஒதுக்கினாங்க.

'அதே எழுத்து வராதா?'

'வராதுப்பா.'

'ஒருக்காலும்?'

'ஒருக்காலும்.' சொல்லி முடித்த பிறகுதான் உறைத்தது. என் எழுத்திலும் அப்படித்தான், ப ஒருபோதும் ப-வாகவே வராது.

அவர் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டு வந்தார். விரல் மட்டும் தொடையில் ஏதோ எழுதிக்கொண்டிருந்தது.

தெரியாமல்தான் சொன்னேனா? சத்தியம் பண்ண முடியவில்லை.

ஜூன் 15, ஞாயிறு

வெயில். இட்லி, வடகறி. ரெக்கார்டு நோட்டு முப்பத்தாறு திருத்தியது. பி.பி. மாத்திரை வாங்கியாயிற்று. அப்பா குறுக்கெழுத்தில் ஒரு கட்டம்கூட நிரப்பவில்லை. பென்சிலைக் காதில் சொருகிக்கொண்டு நாள் முழுக்க அம்மா படத்துக்கு எதிர் நாற்காலியில். மின்விசிறிக் காற்றில் நேற்றைய பூ ஆடிக்கொண்டிருந்தது.

'டீ வேணுமா' என்று கேட்டேன். கேட்டதும் அந்தப் படத்துப் பெண் ஞாபகம் வந்து எரிச்சல்.

ஜூன் 16, திங்கள்

வெயில். அப்பா காலை நடைக்குப் போய்விட்டார். அம்மா படத்தில் பழைய பூ இல்லை. புதுப் பூவும் இல்லை. வெறும் ஆணி, நூல்.

நோட்டு நான் வைத்த இடத்தில்தான், கணக்கு ரெக்கார்டுகளுக்கு அடியில். இன்றைய பக்கத்தில் பென்சிலில் ஒரு சொல்.

பற்றிந்நுங்ஙொழ்.

மன்னித்துக்கொள். ஒரு எழுத்து பிசகவில்லை. கீழே, எழுதியவர் பெயர் போடுகிற இடத்தில்: அம்மா.

என் எழுத்தில் அப்பா என்று எழுதினால் அம்மா என்றுதான் வரும். மாற்றிப் படித்து அப்பா என்பதா, அப்படியே படித்து அம்மா என்பதா? பத்து நிமிடமாக அடுப்பில் பால் பொங்கி வழிகிற வாசனை. எழுந்திருக்க முடியவில்லை.

மறுபடியும் என் நோட்டைத் திறந்திருக்கிறார்.