அணைந்திருக்கும்போது ஒளி எங்கே போகிறது

மார்ச் 4, புதன்

இன்று முதல் ஆய்வகத்தில் என் மனைவி எனக்கு மேல். முறைப்படி அறிவித்துவிட்டார்கள்: லேசர் பாதுகாப்பு அதிகாரி. எந்த மேஜையையும் எந்த நேரத்திலும் நிறுத்தச் சொல்லலாம் என்று மேலாளர் வாசித்தபோது எல்லோரும் என்னைத்தான் பார்த்தார்கள். வீட்டில் ஏற்கெனவே இருக்கிற அதிகாரம்தானே என்று பின்னாலிருந்து ஒரு குரல். நானும் சிரித்து வைத்தேன். அவள் சிரிக்கவில்லை. நேராக என் மேஜைக்கு வந்து, "சார், மோதிரம்" என்றாள்.

கல்யாண மோதிரம். லேசர் கற்றையின் வழியில் கை போனால், பளபளக்கிற எதுவும் ஒரு கண்ணாடிதான். ஒளி எங்கே தெறிக்கும் என்று சொல்ல முடியாது. தெரிந்த விஷயம்தான். கழற்றிக் கொடுத்தேன். அவளுடையது அதற்கு முன்பே கழுத்துச் சங்கிலிக்குப் போயிருந்தது.

மார்ச் 6, வெள்ளி

லேசரின் நான்கு கிளையும் இன்று சமமாக வந்தன! ஒளிமானியில் ஒவ்வொன்றாக அளந்தேன். அளந்ததையே திரும்ப அளந்து பார்த்தேன், சந்தோஷத்துக்காக.

எங்கள் கருவி கண் மருத்துவமனைகளுக்கு. சர்க்கரை நோயால் பழுதான விழித்திரையைப் பச்சை லேசரால் புள்ளி புள்ளியாகச் சுடுவது பழைய வைத்தியம். ஒரு நேரத்துக்கு ஒரு புள்ளி. அதுவரை நோயாளி தாடையை ஊன்றியபடி அசையாமல் இருக்க வேண்டும். எங்களுடையதில் ஒரே கற்றை நான்காகப் பிரிந்து, நான்கு புள்ளிகள் ஒன்றாக விழும். பாதியை உள்ளே விட்டுப் பாதியைத் திருப்பிவிடும் கண்ணாடி ஒன்று, ஒளி இரண்டாகிறது. அந்த இரண்டின் வழியிலும் ஆளுக்கொரு கண்ணாடி, நான்காகிறது.

இதற்கெல்லாம் முன்னால் மாடுலேட்டர் இருக்கிறது. விரல்நுனி அளவு படிகம். அதற்குள் காதுக்கு எட்டாத ஒலியைச் செலுத்தினால் ஒளி வழிமாறி இந்தக் கிளைகளுக்குப் போகிறது. ஒலி நின்றால் ஒளி தன்பாட்டுக்கு நேரே போய்க் கறுப்புக் கட்டையொன்றில் முட்டிச் சூடாக முடிகிறது. கண் இமைப்பதற்குள் எத்தனையோ முறை இப்படித் திறந்து மூடலாம். சத்தத்தால் வெளிச்சத்தைத் திருப்புவது — எத்தனை தடவை பார்த்தாலும் எனக்கு அலுப்பதே இல்லை.

மார்ச் 10, செவ்வாய்

கீழே விழுந்த திருகாணியை எடுக்கக் குனிந்தேன். "கண்ண மூடிக்கிட்டுக் குனிங்க சார்." அறையின் அந்தக் கோடியிலிருந்து! குனியும்போது முகம் கற்றையின் உயரத்தைக் கடக்கிறதாம். சரிதான். ஆனால் இவளுக்கு முதுகிலும் கண்ணா?

ஆரஞ்சு நிறக் காப்புக் கண்ணாடியைக் கழற்றி நெற்றியில் ஏற்றிக்கொள்வது என் பழக்கம். இப்போது அதுவும் போயிற்று. திரையில் 'அணைந்துள்ளது' என்று இருந்தாலும் கழற்றக் கூடாது என்கிறாள். அணைந்த பிறகு எதற்கு? கேட்டேன். பதிலுக்கு ஒரு பார்வை கிடைத்தது.

மார்ச் 12, வியாழன்

மனசு சரியில்லை.

வரும் வியாழக்கிழமை கண் மருத்துவர்கள் வந்து கருவியைப் பார்ப்பதாக ஏற்பாடு. இன்று கூட்டம். எல்லாம் தயார் என்றேன். அவள் அனுமதி தர மாட்டேன் என்றாள். ஒளி வரும்போது என்ன நடக்கிறது என்று எல்லாவற்றையும் அளந்திருக்கிறார்கள், வராதபோது யாரும் எதையும் அளக்கவில்லை என்றாள்.

மேலாளருக்கு முகம் சிவந்துவிட்டது. நான் — எதற்கு வாயைத் திறந்தேன்? — அணைந்திருக்கும் கருவியில் சோதிக்க என்ன இருக்கிறது, தேதியைத் தள்ள வேண்டாம் என்றேன். மேலாளர் தலையாட்டினார். அவள் என்னைப் பார்த்துப் பேசவில்லை, பொதுவாகத்தான் சொன்னாள்.

"அது அணையறதே இல்ல. வேற பக்கம் போகுது, அவ்வளவுதான். டாக்டர் கண்ணாடி போட்டிருப்பாரு, நர்ஸ் போட்டிருப்பாங்க. அந்த ரூம்ல கண்ணாடி போடாம உட்காரப்போற ஒரே ஆள் நோயாளிதான்."

திங்கள் வரை நேரம் கொடுத்திருக்கிறார்கள்.

வீட்டிலும் எனக்கு 'சார்'தான். "சார், சாப்பாடு வச்சாச்சு." மகள் இருவரையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, "இப்ப இது வீடா ஆபீஸா?" என்றாள்.

மார்ச் 13, வெள்ளி

எழுத வரவில்லை. எழுதியே ஆக வேண்டும்.

காலையில் ஆரஞ்சு அட்டை ஒன்றை எடுத்துக்கொண்டு வந்தாள். பச்சை ஒளி பட்டால் அந்த அட்டை ஒளிரும். காப்புக் கண்ணாடி பச்சையை மறைத்தாலும் அட்டையின் ஒளிர்வை மறைக்காது. மாடுலேட்டரை மூடிவைக்கச் சொன்னாள். திரையில் 'அணைந்துள்ளது'. கருவிப் பெட்டியைச் சுற்றி அட்டையைப் பிடித்தபடி மெதுவாக நகர்ந்தாள். வீட்டில் கரப்பான் தேடுகிற மாதிரி, மூலை மூலையாக. எனக்குக் கொஞ்சம் சிரிப்புக்கூட வந்தது.

பின்பக்கம், கம்பிகள் வெளியே வரும் ஓட்டைக்கு நேரே அட்டை பளிச்சென்றது.

அந்தப் புள்ளியை அட்டையிலேயே பிடித்துக்கொண்டு பின்னால் போனாள். அது எங்கே போய் முடிகிறது என்று பார்க்க. ஒரு நாற்காலியின் முதுகில் முடிந்தது. மேல் விளிம்பு. உட்கார்ந்தால் முகம் இருக்கும் இடம்.

என் நாற்காலி.

ஒவ்வொரு சோதனைக்கும் நடுவில், அணைத்துவிட்டு, நான் போய் உட்கார்ந்து அளவுகளைக் குறிக்கிற நாற்காலி. அணைச்சிட்டுத்தானே உட்கார்ந்தேன். அணைச்சிட்டுத்தானே... முழுக் கற்றையும் அப்பதான் அந்தக் கறுப்புக் கட்டைக்குப் போகுது. கட்டை ஒரு பக்கம் தளர்ந்து சாஞ்சிருக்கு. பூச்சு உரிஞ்ச இடத்துல பட்டுத் தெறிச்சு வெளிய வந்திருக்கு. எத்தனை நாளா? தெரியாது. அது என் முகத்துல விழுந்துக்கிட்டே இருந்திருக்கும். எனக்குத் தெரியலை. ஏன் தெரியலைன்னா, அவ சொன்னாளேன்னு கண்ணாடியைக் கழட்டல.

லேசரை முதலில் சாவி போட்டு நிறுத்தினாள். பிறகு அட்டையைக் கீழே வைத்தாள். அது மேஜை விளிம்பில் இடித்துத் தரையில் விழுந்தது. நான் எடுக்கக் குனிந்தேன். "விடு. நான் எடுத்துக்கறேன்" என்றாள். ஆய்வகத்தில் முதல்முறையாக, 'சார்' இல்லாமல், 'விடு' என்றாள்.

மார்ச் 14, சனி

கண் பரிசோதனை. அவளும் வந்தாள். மருந்து விட்டுக் கண் பாப்பாவை விரியவைத்து இரண்டு கண்ணையும் அலசிப் பார்த்தார்கள். ஒன்றுமில்லை.

வரும்போது வெளிச்சம் கூசி எனக்கு வழி தெரியவில்லை. கையைப் பிடித்து அழைத்து வந்தாள். என்னைத் திட்டுவாள் என்று காத்திருந்தேன். காய்கறி வாங்கணும் என்றாள். கூட்டத்தில் நான் பேசியதற்கு மன்னிப்புக் கேட்டேன். "நீ தப்பா அளக்கல. பாதிதான் அளந்த" என்று சொல்லிவிட்டுத் தக்காளி பொறுக்கப் போய்விட்டாள்.

இவளோடு இத்தனை காலம் குடும்பம் நடத்தியிருக்கிறேன். இவள் எப்படி யோசிக்கிறாள் என்று நேற்றுத்தான் பார்த்தேன்.

மார்ச் 16, திங்கள்

கட்டையைத் தொடாமல் அப்படியே வைத்திருந்து மேலாளருக்குக் காட்டினாள். அவர் அட்டையை வாங்கித் தானே பிடித்துப் பார்த்தார். நாற்காலி வரைக்கும் போனார். "இது யாரோடது?" என்றார். சொன்னேன். அவர் மருத்துவர்களைத் தானே கூப்பிட்டு, இன்னும் தயாராகவில்லை என்று சொன்னார். காரணம் ஒன்றையும் மறைக்கவில்லை. அவர்மேலும் மரியாதை கூடிற்று.

ஏப்ரல் 2, வியாழன்

கட்டை இனி சாயாது. உலோக முளை அடித்து இறுக்கியாயிற்று. கம்பி வழியை இரண்டு மடிப்பு மடித்துவிட்டோம், ஒளிக்கு மடங்கிப் போகத் தெரியாதே! மூடி திறந்தால் லேசரே நின்றுவிடும். மாடுலேட்டருக்கு முன்னால் ஓர் உலோகக் கதவு: அணை என்றால் அதுவும் விழும். எல்லாம் அவள் யோசனை. வரைந்தது நான். ஒரு வரைபடத்தை ஐந்தாறு தடவை திருப்பி அனுப்பினாள். ஒவ்வொரு தடவையும் அவள் சொன்னதுதான் சரி, கடுப்பாக இருக்கிறது.

ஏப்ரல் 21, செவ்வாய்

அட்டையை எங்கே வைத்தாலும் இருட்டு. அனுமதி தந்தாள்.

நவம்பர் 12, வியாழன்

எல்லாப் பரிசோதனைகளும் தாண்டி இன்று மருத்துவமனையில் முதல் நோயாளி. எங்கள் இருவரையும் கூப்பிட்டிருந்தார்கள். சின்ன அறை. மருத்துவர், நர்ஸ், நாங்கள், எல்லோர் கண்ணிலும் ஆரஞ்சுக் கண்ணாடி.

வந்த அம்மா தையல்காரர். பயந்துபோய் இருந்தார். தாடையை ஊன்றச் சொன்னதும் நாற்காலிக் கையை இறுகப் பிடித்துக்கொண்டார். நான் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். நான்கு நான்காகப் புள்ளிகள் விழுந்தன. இவ்வளவு அழகாக ஆய்வகத்தில்கூட விழுந்ததில்லை. திரும்பினால், அவள் திரையையே பார்க்கவில்லை. அந்த அம்மாவின் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள்.

மருத்துவர் நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளினார். அந்த அம்மா தாடையை எடுக்காமலே கேட்டார்: "இன்னும் ஆரம்பிக்கலையா டாக்டர்?"

"முடிஞ்சிருச்சும்மா. எந்திரிங்க."

என் மனைவி முகம் கழுவப் போனாள். வெகு நேரம் வரை குழாயில் தண்ணீர் கொட்டுகிற சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது.