உங்கள் பொடிக்குழிக்கு டாக்டர் சொன்ன பெயர்

அன்புள்ள என்னங்க,

அரியலூர் பஸ் ஸ்டாண்டில் நின்று இப்படிக் கூப்பிட்டால் நாலைந்து ஆம்பிளைகள் திரும்பிப் பார்ப்பார்கள். நீங்கள் மட்டும் திரும்ப மாட்டீர்கள். போன இடத்திலும் அப்படித்தான் இருப்பீர்கள் என்று தெரிந்தும் பழைய பெயரையே எழுதியிருக்கிறேன். உங்கள் சொந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிட இன்னும் எனக்கு வாய் வரவில்லை.

முதலில் உங்களுக்குப் பிடிக்காத செய்தி. உங்கள் கண்டுபிடிப்பு உங்களுடையது இல்லையாம். நீங்கள் பிறப்பதற்கு ரொம்பக் காலம் முன்பே வெள்ளைக்காரர்கள் அதைச் செய்திருக்கிறார்கள். டாக்டர்கள் படிக்கிற புத்தகத்தில் அதற்குப் பெயரே இருக்கிறதாம்.

பொடி விஷயத்தைத்தான் சொல்கிறேன். மற்றவர்கள் மூக்குப்பொடியை இரண்டு விரலால் கிள்ளி எடுப்பார்கள். நீங்கள் பஸ் டிப்போவில் மெக்கானிக். காலையிலிருந்து சாயங்காலம் வரை விரலெல்லாம் கிரீஸ். கிள்ளினால் டப்பாவே நாசமாகிவிடும். அதனால் இடது கைக் கட்டைவிரலை விறைப்பாகத் தூக்குவீர்கள். அதன் அடியில், மணிக்கட்டுக்குப் பக்கத்தில், இரண்டு நரம்பு கயிறு போல எழும்பும். நடுவில் ஒரு குழி விழும். கிரீஸ் படாத இடம் அது ஒன்றுதான். டப்பாவை அதன்மேல் தட்டி, குனிந்து ஒரே இழுப்பு. "இது நானா கண்டுபிடிச்சதுடி" என்று பெருமை வேறு.

நான் அதற்குப் பொடிக்குழி என்று பெயர் வைத்தேன். திட்டுவதற்கு ஒரு பெயர் வேண்டாமா? நீங்கள் சோப்புப் போட்டுக் குளித்துவிட்டு வந்தாலும் அந்தக் குழியில் மட்டும் காப்பித்தூள் நிறத்தில் ஒரு கறை இருக்கும். கல்யாணமான நாளிலிருந்து நான் தேய்க்காத தேய்ப்பா? போகவே இல்லை. ஆஸ்பத்திரியில் கடைசி நாளன்றும் என் விரல் அந்தக் குழியில்தான் இருந்தது. அதைப் பிறகு சொல்கிறேன். முதலில் என் கை கதையைக் கேளுங்கள்.

நீங்கள் போன பிறகு உங்கள் ஸ்கூட்டரை விற்றுவிடச் சொன்னான் நம் பையன் செந்தில். நான் விற்கவில்லை. எதிர் வீட்டுப் பெண்ணுக்கு ஓட்டச் சொல்லிக்கொடுத்தேன். அவள் தன் நாத்தனாரை அனுப்பினாள். அந்த நாத்தனார் இன்னும் இரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு வந்தாள். இப்போது எனக்கு அதுதான் வேலை. டவுனுக்கு வெளியே ப்ளாட் போட்டுக் கல் நட்டு, வீடு ஒன்றும் வராமல் கிடக்கிற இடத்தில் காலையும் மாலையும் வகுப்பு. சிமெண்ட் லாரி அந்தப் பக்கம் வராது. பயமில்லாமல் விழலாம்.

அப்படிக் கற்றுக்கொள்ள வந்தவர்தான் ஆரோக்கியமேரி டீச்சர். ஏலாக்குறிச்சிப் பக்கம் ஊர். அவர் வீட்டுக்காரர்தான் இத்தனை வருஷமும் பள்ளிக்கூடத்தில் கொண்டுபோய் விட்டுக்கொண்டிருந்தார். அவருக்குக் கண் மங்கிப்போனதால் டீச்சரே ஓட்ட வேண்டிய நிலைமை. நல்ல மனுஷி. ஆனால் பிரேக்கைப் பிடிக்கச் சொன்னால் பிரேக்கையும் பிடிப்பார், பயத்தில் ஆக்சிலேட்டரையும் சேர்த்து முறுக்குவார். அன்றைக்கு முறுக்கிய முறுக்கில் வண்டி பாய்ந்து போய் ஒரு ப்ளாட் கல்லில் மோதியது. டீச்சர் புல்லில் பூ மாதிரி விழுந்தார். பின்னால் உட்கார்ந்திருந்த நான் வலது கையை விரித்து ஊன்றிக்கொண்டு தரையில் விழுந்தேன்.

அரியலூரிலேயே எக்ஸ்ரே எடுத்தோம். அதில் ஒன்றும் தெரியவில்லை. பார்த்தவர்கள் எல்லோரும் சுளுக்கு என்றார்கள். எனக்கும் சுளுக்காக இருந்தால்தானே வசதி? வகுப்புக்கு ஆள் காத்திருக்கிறதே. டீச்சருக்கோ குற்ற உணர்ச்சி தாங்கவில்லை. வரதராஜன்பேட்டையில் ஒருவர் நன்றாகச் சுளுக்கு வழிப்பார், எண்ணெய் போட்டு இழுத்துவிட்டால் சரியாகிவிடும், மறுநாள் காலையிலேயே போய்விடலாம் என்று என்னைச் சம்மதிக்க வைத்தார்.

மறுநாள் அவர் வருவதற்குள் நான் வாசல்படியில் உட்கார்ந்து இரண்டு கையையும் நீட்டி ஒப்பிட்டுப் பார்த்தேன். பெரிய வீக்கமாகத் தெரியவில்லை. என்ன தோன்றியதோ, இரண்டு கட்டைவிரலையும் உங்களைப் போலத் தூக்கினேன். இடது கையில் பொடிக்குழி விழுந்தது. வலது கையில் விழவில்லை. குளம் தூர்ந்துபோன மாதிரி மேடாகிக் கிடந்தது. அந்த இடத்தில் மட்டும் விரலால் அழுத்தினேன். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது.

உங்கள் கையை அத்தனை வருஷம் திட்டித் திட்டிப் பார்த்திருக்காவிட்டால் அங்கே ஒரு குழி இருக்க வேண்டும் என்பதே எனக்குத் தெரிந்திருக்காது. டீச்சர் வந்ததும், வரதராஜன்பேட்டை வேண்டாம், பெரம்பலூருக்குப் போய் எலும்பு டாக்டரைப் பார்க்கலாம் என்று சொல்லிவிட்டேன்.

டாக்டர் சின்ன வயசுப் பெண். எங்கே வலிக்கிறது என்று கேட்டார். பொடிக்குழியில் என்றேன், யோசிக்காமல். அவர் கேஸ் சீட்டிலிருந்து தலையைத் தூக்கினார். என்ன குழி என்று திரும்பக் கேட்டார். நான் கட்டைவிரலைத் தூக்கிக் காட்டி, என் வீட்டுக்காரர் பொடி வைக்கிற இடம் என்றேன். அவர் சிரித்துவிட்டார்.

"நாங்களும் அப்படித்தாங்க சொல்றோம். அனாட்டமிக்கல் ஸ்நஃப் பாக்ஸ். மூக்குப்பொடி டப்பான்னுதான் அர்த்தம்."

எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. டீச்சர் எங்கள் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தார். அந்தக் காலத்தில் வெளிநாட்டு ஆட்கள் அந்தக் குழியில் பொடி வைத்து உறிஞ்சுவார்களாம். அதைப் பார்த்து வைத்த பெயராம். அவர்கள் கையில் கிரீஸ் இருந்ததா என்று டாக்டர் சொல்லவில்லை. நானும் கேட்கவில்லை. உங்களுக்காக அந்த ஒரு சந்தேகத்தை அப்படியே விட்டுவைத்திருக்கிறேன்.

ஆனால் அந்தப் பெயர் வேடிக்கைக்கு இல்லை. குழிக்கு அடியில் படகு மாதிரி ஒரு சின்ன எலும்பு இருக்கிறது. கையை ஊன்றி விழுந்தால் மணிக்கட்டுச் சின்ன எலும்புகளில் பெரும்பாலும் உடைவது அதுதான். உடைந்தாலும் முதல் எக்ஸ்ரேயில் பல சமயம் தெரியாது. அதனால் விழுந்தவரின் பொடிப்பெட்டியில் அழுத்தினால் வலிக்கிறது என்று சீட்டில் ஒரு வரி எழுதினால் போதுமாம், எந்த ஊர் டாக்டராக இருந்தாலும் படம் என்ன சொன்னாலும் அந்த எலும்பைச் சந்தேகப்பட்டுக் கட்டுப் போட்டுவிடுவாராம். நாம் நரம்பு என்று சொன்ன இரண்டும் நரம்பே இல்லை, தசைநாண் என்று அதையும் திருத்தினார்.

கடைசியில்தான் பயமுறுத்தினார். அந்தப் படகு எலும்புக்கு ரத்தம் ஒரு முனையிலிருந்துதான் போகிறதாம். உடைந்ததைக் கவனிக்காமல் விட்டால் மறுமுனை ரத்தமில்லாமல் செத்துப்போகலாம். அப்புறம் கைப்பிடியில் வலு இருக்காது. எண்ணெய் போட்டு இழுத்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நான் கேட்டேன். நல்லவேளை போகலைங்க என்று மட்டும் சொன்னார். டீச்சர் சிலுவை போட்டுக்கொண்டார்.

வலது கைப்பிடி இல்லாமல் ஆக்சிலேட்டரை எப்படி முறுக்குவது? பிரேக்கை எப்படிப் பிடிப்பது? கட்டைவிரலையும் சேர்த்து மாவுக்கட்டுப் போட்டு அனுப்பினார்கள். கொஞ்ச நாள் கழித்து எடுத்த படத்தில் முடி மாதிரி ஒரு கோடு தெரிந்தது. உடைந்துதான் இருந்தது.

செந்தில் ஓசூரிலிருந்து ஓடி வந்தான். போதும், வண்டியை விற்றுவிட்டு என்னோடு வந்துவிடு என்றான். அவனைக் குறை சொல்ல மாட்டேன், அம்மா ஒண்டியாக இருக்கிறாளே என்கிற பயம். கடைசியில் ஒரு பேச்சுக்கு வந்தோம். கட்டைப் பிரிக்கும்போது எலும்பு கூடியிருந்தால் நான் இங்கேயே இருப்பேன். கூடவில்லை என்றால் வண்டியை விற்றுவிட்டு ஓசூர். சரி என்று சொல்லிவிட்டேனே தவிர, மனசு ஒப்பவில்லை. மருமகள் நன்றாகத்தான் பார்த்துக்கொள்வாள். ஆனால் அங்கே நான் என்ன செய்வேன்? யாருக்கு என்ன சொல்லிக்கொடுப்பேன்?

கட்டோடு இருந்த நாளெல்லாம் ப்ளாட்டில் பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்கார்ந்து, டீச்சரைச் சுற்றி வரச் சொல்லிக் கத்திக்கொண்டிருந்தேன். அவரும் தினம் ஒரு குழம்பு கொண்டுவந்து கொடுத்துவிட்டு வாயை மூடிக்கொண்டு ஓட்டினார். வாழ்நாளெல்லாம் பிள்ளைகளைத் திட்டிய டீச்சரை நான் திட்டினேன். அதில் எனக்குக் கொஞ்சம் சந்தோஷம்கூட இருந்தது.

கட்டுப் பிரிக்கும் அன்று செந்திலும் வந்திருந்தான். தோல் வெளுத்து, கை சூம்பிப்போய் என்னுடையது மாதிரியே இல்லை. டாக்டர் புதுப் படத்தை வெளிச்சத்தில் தூக்கிப் பார்த்தார். கட்டைவிரலைத் தூக்கச் சொன்னார். மெல்லத் தூக்கினேன். குழி விழுந்தது. அதில் அவர் அழுத்தினார். வலிக்கும் வலிக்கும் என்று பல்லைக் கடித்துக்கொண்டிருந்தேன். வலிக்கவில்லை. எலும்பு கூடிவிட்டது என்றார். அப்புறம் விரலை எடுக்காமலே, இங்கே உள்ளே ஒரு ரத்தக்குழாய் ஓடுகிறது, தொட்டுப் பாருங்கள் என்றார். தொட்டேன். துடித்தது.

இப்போது அந்தக் கடைசி நாளைச் சொல்கிறேன். உங்களுக்குப் பேச்சு நின்றிருந்தது. நான் இடது பக்கம் உட்கார்ந்து, வேறு செய்ய ஒன்றுமில்லாமல் உங்கள் குழியில் இருந்த கறையைத் தேய்த்துக்கொண்டிருந்தேன். விரலுக்கு அடியில் மெல்லத் துடித்தது. அப்பா கை துடிக்கிறது என்று செந்திலிடம் சொன்னேன். அது உன் விரல் துடிக்கிறதும்மா, நாடியை அங்கே பார்க்க மாட்டார்கள் என்றான். அவனும் அழுதுகொண்டுதான் சொன்னான். கொஞ்ச நேரத்தில் துடிப்பு நின்றது. அதற்கப்புறம்தான் நர்ஸ் வந்து பார்த்துவிட்டு, முடிந்தது என்றார்.

அன்றிலிருந்து எனக்கு இது தீரவே இல்லை. அது நீங்களா, என் விரலா? நான் பிடித்துக்கொண்டிருக்கும்போது போனீர்களா, முன்பே போய்விட்டீர்களா? என் விரல்தான் என்றால் அது ஏன் நின்றது? யாரிடம் கேட்பது இதை?

டாக்டரிடம் கேட்டேன். செந்தில் பக்கத்தில் நிற்கும்போதே கேட்டேன்.

"சாகப்போற ஆளோட கையில, இந்தக் குழியில தொட்டா துடிப்பு தெரியுமாங்க?"

அவர் என் முகத்தைப் பார்த்தார்.

"துடிப்பு இருக்கிற வரைக்கும் தெரியுங்கம்மா."

செந்தில் வீட்டுக்கு வருகிற வரை ஓசூர் பேச்சை எடுக்கவில்லை. எலும்பு கூடிவிட்டதால் எடுக்கவில்லையா, டாக்டர் சொன்ன அந்தப் பதிலாலா, தெரியாது. ஊருக்குக் கிளம்பும்போது வண்டிச் சாவியை என் வலது கையில் வைத்து, மெதுவா ஓட்டும்மா என்றான். அப்படியே கொஞ்ச நேரம் என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டிருந்தான். கட்டைவிரல் பக்கம்தான் பிடித்திருந்தான்.

டீச்சர் இப்போது தானாகவே பள்ளிக்கூடம் போகிறார். வீட்டுக்காரரைப் பின்னால் வைத்துக்கொண்டு கோயிலுக்கும் போகிறார். உங்கள் பொடி டப்பா வண்டி சீட்டுக்கு அடியில் இருக்கிறது. ஒரு நாள் என் குழியில் தட்டி இழுத்தும் பார்த்தேன். தும்மித் தும்மி உயிர் போய்விட்டது. இனி தொட மாட்டேன்.

ஆனால் ஒரு சத்தியம் செய்கிறேன். தினமும் வண்டியை எடுப்பதற்கு முன் கட்டைவிரலைத் தூக்கி அந்தக் குழியைத் தொட்டுப் பார்ப்பேன். துடிப்பு இருக்கிற வரைக்கும் ஓட்டுவேன்.

போகும்போது உங்கள் கையை விடாதிருந்த
உங்கள் மனைவி,
மல்லிகா