சுகம் விசாரிக்க வந்த அப்பிள்

பதுளை,
18.08.2024

அன்புத் தோழி லூசியாவுக்கு நளீரா எழுதுவது,

இறைவன் உன் முழங்கால் வலியைக் குறைத்து உன்னைச் சுகத்தோடு வைத்திருக்கட்டும். சைப்பிரஸில் வெயில் கொளுத்துகிறது என்று உன் மகள் றொஷேல் சொன்னாள். இங்கே காற்றுக் காலம். கூரைத் தகரம் முழு நாளும் தடதடக்கிறது. யாரோ வாசலில் நிற்கிறார்கள் என்று எழுந்து எழுந்து போய்ப் பார்த்தே நான் களைத்துவிட்டேன்.

போன் இருக்கும்போது கடிதம் எதற்கு என்று கேட்பாய். போனில் நாம் பேசுகிற லட்சணம் தெரிந்ததுதானே. நீ அழுவாய், அதைக் கேட்டு நான் அழுவேன், அதற்குள் நீ பார்த்துக்கொள்ளும் கிழவி உள்ளேயிருந்து கூப்பிடுவாள், நீ வைத்துவிடுவாய். என் வீட்டுக்காரர் கண்மூடி மவுத்தான பிறகு நான்கு முறை எடுத்தாய். நான்கு முறையும் இதே கதை. நான் கேட்க நினைத்ததை ஒரு தடவையும் கேட்கவில்லை. மடுல்சீமை விஜயலெட்சுமி வியாழக்கிழமை நீ இருக்கும் ஊருக்கு வேலைக்குப் புறப்படுகிறாளாம். அவள் கையில் கொடுக்கச் சொல்லி நாளைக்கே றொஷேலுக்கு இதை அனுப்பிவிடுகிறேன். எழுத்து கோணலாக இருந்தால் பொறுத்துக்கொள். பள்ளியிலும் நான் உன் கொப்பியைப் பார்த்துத்தானே எழுதினேன்.

விஷயத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். என் இத்தா முடிய இன்னும் இருபத்திரண்டு நாள். கணவனை இழந்தவள் நான்கு மாதமும் பத்து நாளும் வெளியே போகாமல் வீட்டோடு இருப்பாள் என்பது உனக்குத் தெரியும். அது முடிகிற அன்றைக்கே மகன் றிகாஸ் வேனோடு வந்து என்னைக் கொழும்புக்குக் கூட்டிப் போவதாக இருக்கிறான். ஐந்தாம் மாடியில் இருக்கிறது அவன் வீடு. இந்த வீட்டை வாடகைக்குக் கொடுக்க ஆளும் பார்த்துவிட்டான். "பதுளையில நீங்க தனிய இருக்க ஏலாது உம்மா, நான் எப்படி நிம்மதியா தொழில் பார்க்கிற?" என்கிறான். அவன் சொல்வதில் பிழை இல்லை. மருமகளும் நல்ல பிள்ளைதான். எனக்குத்தான் போக மனமே இல்லை லூசி. அங்கே போனால் கதவைத் திறந்து வைக்க முடியாது, பக்கத்து வீட்டுக்காரி யார் என்று தெரியாது, தேநீர் போடக்கூட இன்னொருத்தியின் அடுப்பில் இடம் கேட்க வேண்டும். ஆனால் இங்கே இருந்தால் இந்தக் கூரைத் தகரத்தோடுதான் பேச வேண்டும். இரண்டுக்கும் நடுவில் நிற்கிறேன்.

பயப்படாதே, போன வாரம் எனக்குக் காய்ச்சல். டெங்கு என்று பயந்து இரத்தம் எடுத்துப் பார்த்தார்கள். அது இல்லை. காய்ச்சல் மூன்று நாளில் போய்விட்டது, அப்பிள்தான் போகவில்லை. நம் ஊரில் சுகம் விசாரிக்க வருகிறவர்களுக்கு வேறு பழம் ஒன்று இருப்பதே தெரியாது போல. இவர் பாரிசவாதம் வந்து கிடந்தபோதும் இப்படித்தான். ஒரு பக்க வாயே அசையாத மனிதருக்குப் பை பையாக அப்பிள். வைத்தால் அழுகும், கொடுக்கவும் ஆள் வேண்டுமே. ஒரு பையை அப்படியே நாலு வீடு தள்ளி இருக்கும் றுஷ்தாவின் மாமிக்கு அனுப்பினேன், அவருக்கும் அப்போது சுகமில்லை. நான்கு நாள் கழித்து இவரைப் பார்க்க வந்த வேறொருவர் ஒரு பையை நீட்டினார். பார்த்தால் நான் போட்ட முடிச்சு! அவிழ்க்கக்கூட இல்லை. ஊரெல்லாம் சுற்றி எல்லா நோயாளியையும் விசாரித்துவிட்டு என் வீட்டுக்கே திரும்பி வந்திருந்தது. அன்றைக்கு இவருக்கும் ஒரு பக்க வாயால் சிரிப்பு வந்தது.

அந்த நேரத்தில்தான் நீ போன் எடுத்தாய். இரண்டு வருஷமாகப் பெருநாளைக்கும் கிறிஸ்மஸுக்கும் மட்டும் பேசிக்கொண்டிருந்த நாம் அன்று அரை மணித்தியாலம் பேசினோம். "ஏன்டி அப்பிள வீணாக்குற? நான் இங்க கெழவிக்குத் தெனமும் அதத்தான் மசிச்சு ஊட்டுறேன். தோல சீவி, கொட்டைய எடுத்துட்டு, கொஞ்சூண்டு தண்ணி விட்டு மூடி வை. அடுப்ப கொறச்சு வை, அவசரப்படாத" என்று பெரிய கங்காணி மாதிரி சொல்லிக்கொடுத்தாய். கறுவாப்பட்டை ஒரு துண்டு, கராம்பு இரண்டு, சாதிக்காய் துருவி ஒரு சிட்டிகை. சீனிக்குப் பதிலாக நான் கித்துள் பாணி விட்டேன். இறக்கும்போது நாலு சொட்டுத் தேசிக்காய்ப் புளி. அகப்பையால் மசித்து, ஒரு திப்பி இல்லாமல் வடித்து, வெதுவெதுப்பாக ஊட்டினேன். நாற்பது வருஷம் பலசரக்குக் கடை வைத்திருந்த மனிதர். மூன்று கிழமையாக ஒரு சொல் விளங்கப் பேசாதவர் முதல் கரண்டியை விழுங்கிவிட்டு, "கராம்பு கூடிப்போச்சு" என்றார். எனக்கு அழுகையும் கோபமும் சேர்ந்து வந்தது. வீட்டுக்காரியின் பெயரைச் சொல்லத் தெரியவில்லை, கராம்பில் குறை கண்டுபிடிக்கத் தெரிகிறது!

அதன் பிறகு தினமும் அதுதான். சோற்றுக்கஞ்சியைத் துப்பினாலும் இதை விழுங்குவார். நோன்பு மாதத்தில் நான் வாயில் வைத்துப் பார்க்காமலே செய்து ஊட்டினேன், ருசி அவர் முகத்தில்தான் தெரியும். நோன்புப் பெருநாள் முடிந்து மூன்று கிழமை. அன்று காலை பத்து மணி இருக்கும். அப்பிளை வெட்டி அடுப்பில் வைத்துவிட்டு, நீ சொன்னபடியே அவசரப்படாமல் நின்று கிளறிக்கொண்டிருந்தேன். மசித்து, வடித்து, ஆற வைத்து, கிண்ணத்தோடு அறைக்குள் போனேன். அவர் போயிருந்தார்.

இதை நான் றிகாஸிடமும் சொல்லவில்லை. எல்லாரும் நான் பக்கத்தில் இருந்தேன் என்றே நினைக்கிறார்கள், நானும் தலையாட்டிவிட்டேன். ஒரு சுவர்தான் லூசி நடுவில். கூப்பிட்டாரா என்று தெரியாது. எனக்குக் கேட்டது தண்ணீர் கொதிக்கிற சத்தம் மட்டும்.

இதை ஏன் உனக்கு எழுதுகிறேன் என்றால், உன் வீட்டுக்காரர் யேசுரத்தினம் அண்ணன் இறந்தபோது நான் உன்னிடம் போனில் என்ன சொன்னேன் என்று எனக்கு ஞாபகம் இருக்கிறது. உனக்கும் இருக்கும். இரண்டு வருஷத்துக்கு முன், பெற்றோல் இல்லாத அந்த ஜூலையில் நாங்கள் மரக்கறி லொறியில் ஏறி ஸ்பிரிங்வெளித் தோட்டத்துக்குப் போனோம். உங்கள் லயத்து வீட்டு முன்னால் சவப்பெட்டியை வைத்துக்கொண்டு, உன்னைக் காணாமல், ஆளுக்கொரு கதை பேசினார்கள். எனக்குப் பொறுக்கவில்லை. "புருஷன் பெட்டிய மூடுற நேரத்துக்கும் வராத நீ என்ன பொஞ்சாதி?" என்று கேட்டுவிட்டேன். விசாப் பத்திரம் சரியில்லாமல் நீ வெளியே வந்தால் திரும்பிப் போக முடியாது, றொஷேலின் கலியாணம் நின்றுவிடும் என்பதெல்லாம் எனக்குத் தெரிந்திருந்தும் கேட்டேன். நீ போனை வைத்துவிட்டாய். ஒரே வீட்டில், ஒரு சுவருக்கு இந்தப் பக்கம் நின்ற நானே அந்த நேரத்தில் அவரோடு இல்லை. கடலுக்கு அப்பால் இருந்த உன்னைப் போய்க் குறை சொன்னேன். என்னை மன்னித்துவிடு. இதைப் போனில் சொல்ல நான்கு முறை வாயெடுத்தேன், வரவில்லை.

அன்றைக்குப் பிறகு இந்த வீட்டில் அப்பிள் வேகவில்லை. காய்ச்சலுக்கு வந்த இந்தப் பையையும் யாருக்காவது கொடுத்திருப்பேன். கொடுக்க வெளியே போக முடியாதே. பக்கத்து வீட்டு உம்மு குல்தூமிடம் கேட்டால் அவளுக்குச் சீனி வருத்தம், வேண்டாம் என்றாள். இன்று காலை தோல் சுருங்கியிருப்பதைப் பார்த்துவிட்டு, சரி என்று கத்தியை எடுத்தேன். கறுவா வாசம் வந்ததும் முன் அறையில் செருமல் கேட்கும் என்று என் காது அதுபாட்டுக்குக் காத்திருந்தது. கேட்கவில்லை. முதல் தடவையாக ஒரு கிண்ணம் நிறைய நான் உட்கார்ந்து சாப்பிட்டேன். நன்றாகத்தான் இருந்தது. நன்றாக இருக்கிறது என்று சொல்ல வீட்டில் ஒருவரும் இல்லை. வாய்விட்டுச் சொன்னேன், சுவருக்கு. எனக்கே வெட்கமாகப் போய்விட்டது. நான்கு மாதமாக நான் ஆட்களைப் பார்க்காமல் இல்லை, பெண்கள் வந்து போகிறார்கள். வருகிறவர்கள் எல்லாரும் குரலைத் தாழ்த்திப் பேசுகிறார்கள், ஒருத்தியும் என்னோடு சண்டை பிடிப்பதில்லை. அதுதான் எனக்குத் தாங்க முடியவில்லை.

மத்தியானம் றொஷேல் பண்டாரவளையிலிருந்து வந்தாள். மசியலில் ஒரு போத்தல் அவளுக்குக் கொடுத்தேன். கிளம்பும்போது உன்னைப் பற்றிக் கேட்டேன். "அம்மாவுக்கு வர ஆசைதான் ஆன்ட்டி. காலு முடியாம போச்சு, வேலையும் முந்தி மாதிரி செய்ய முடியல. வந்தா எங்க இருக்கிறதுன்னுதான் யோசிக்குது" என்றாள். ஸ்பிரிங்வெளியில் உங்கள் லயத்து வீட்டில் இப்போது அண்ணனின் தம்பி குடும்பம். றொஷேல் வீட்டிலோ மாமன் மாமியோடு சேர்த்து இரண்டு அறைக்குள் ஏழு பேர். பதின்மூன்று வருஷமாக இந்தக் கிறிஸ்மஸ், அடுத்த கிறிஸ்மஸ் என்று நீ சொல்வதை நான் சும்மா சாட்டு என்றுதான் நினைத்திருந்தேன். உனக்கு வந்து இறங்க ஓர் இடம் இல்லை என்பது இந்த மரமண்டைக்கு இன்றுதான் ஏறியது.

அதனால் கேட்கிறேன். என்னோடு வந்து இரு. பின்பக்க அறையில் வெயில் வரும், உன் காலுக்கு நல்லது. தேவாலயம் நடந்து போகிற தூரம். உன் மாதா படத்தை உன் அறையில் வைத்துக்கொள், நான் ஒன்றும் சொல்ல மாட்டேன். பன்றி இறைச்சியும் உன் கிறிஸ்மஸ் வைனும் மட்டும் றொஷேல் வீட்டோடு இருக்கட்டும். றிகாஸிடம் இன்னும் சொல்லவில்லை. கத்துவான். நீ வருகிறாய் என்றால் அவன் கத்துவதை நான் சமாளிப்பேன். ஊர் ஏதாவது பேசும், அதையும் சமாளிப்போம். உனக்கு இரக்கப்பட்டு நான் கூப்பிடுகிறேன் என்று நினைத்துவிடாதே. எனக்குப் பயமாக இருக்கிறது, அதனால் கூப்பிடுகிறேன்.

வழக்கம்போல் "வரேன்டி, வரேன்டி" என்று சொல்லி என் வாயை அடைக்காதே. பதிலை உன் கையால் எழுதி, படம் பிடித்து றொஷேலின் போனுக்கு அனுப்பு. வர முடியாது என்றால் "நீ மகனோடு போ" என்று ஒரு வரி போதும். போய்விடுகிறேன், உன்மேல் கோபிக்க மாட்டேன். ஆனால் அந்த ஒரு வரியை மட்டும் உடனே எழுதிவிடாதே லூசி. இரண்டு மூன்று நாள் வைத்திருந்து எழுது. எனக்கு இன்னும் இருபத்திரண்டு நாள் இருக்கிறது.

உன் உடம்பின் சுகத்துக்கும், நீ வரும் வழிக்கும் ஐந்து வேளையும் துஆச் செய்துகொண்டிருக்கும்,

நளீரா