மெல்பேர்ணில் இடக்காலால் அடித்த கோல்

என் சத்தக்கார அப்பாவுக்கு,

வென்றுவிட்டோம். வேறு எதையும் முதலில் எழுதக் கை வரவில்லை. போன சனிக்கிழமை மெல்பேர்ணில் அந்த ஊர் அணியோடு நடந்த பெண்கள் லீக் இறுதி ஆட்டத்தில் எங்கள் சிட்னி அணி இரண்டுக்கு ஒன்று என்று வென்றது. இரண்டாவது கோல் உங்கள் மகள் அடித்தது. இடக்காலால். ஓம் அப்பா, இரண்டு முறை சத்திரசிகிச்சை செய்த அதே கால்.

சிட்னியில், டூங்கபியில் ரீற்றா மாமி வீட்டுக் குசினி மேசையில் இருந்து எழுதுகிறேன். உங்கள் தங்கச்சி எனக்குப் பின்னால் நின்று மீன் பொரிக்கிறார். "அண்ணைக்கோ எழுதுறாய்? ரெஃபறி ஒரு பெனால்ற்றி தராமல் விட்டவள், அதையும் எழுது" என்கிறார். எழுதிவிட்டேன்.

ஆறு வயதில், நானாகவே தெருவில் பந்தடிக்கத் தொடங்கிய பிறகு, நீங்கள் என்னைக் கொண்டுபோய் விட்ட அணியில் பத்துப் பெடியங்கள், நான் ஒருத்தி. சனிக்கிழமை காலையில் தமிழ்ப் பள்ளிக்கூடம், மத்தியானம் ஆட்டம். பாவாடைக்குள் விளையாட்டுக் காற்சட்டையைப் போட்டுக்கொண்டு திருக்குறள் ஒப்புவித்தவள் ஜெர்மனி முழுவதிலும் நான் ஒருத்தியாகத்தான் இருந்திருப்பேன். மணி அடித்ததும் நீங்கள் காரை வாசலில் இயக்கியபடியே நிற்பீர்கள்.

பெண்கள் அணிக்கு மாறியபோது பயிற்றுநர் என்னைப் பின்வரிசையில் நிறுத்தப் பார்த்தார். ஞாபகம் இருக்கிறதா? பந்தைப் பறிக்கிறவள், முன்னுக்கு விடுங்கள் என்று சொல்ல நினைத்து, உங்கள் ஜெர்மனில் "என் மகள் ஒரு திருடி" என்று சொல்லிவிட்டீர்கள். அந்த வருடம் முழுக்க அணியில் என் பெயர் திருடி. ஆனால் முன்வரிசையில் விட்டார்கள். இருபத்தொரு வயதில் இரண்டாம் பிரிவில் எங்கள் அணியில் எல்லாரையும் விட அதிக கோல் அடித்தேன். இருபத்து மூன்றில் முதற்பிரிவு.

முதற்பிரிவில் நான் அதிகம் பார்த்தது மைதான ஓரத்து வாங்கைத்தான். பதில் ஆட்டக்காரியாக அந்த இருக்கையிலேயே உட்கார்ந்திருப்பேன். நீங்கள் ஆஸ்பத்திரிச் சமையலறையில் காலை வேலையை முடித்துவிட்டு, நாலு மணித்தியாலம் கார் ஓடி வந்து, நான் உட்கார்ந்திருப்பதைப் பார்த்துவிட்டுப் போவீர்கள். கடைசிப் பத்து நிமிடம் என்னை இறக்கினால் அந்தப் பத்து நிமிடமும் கத்துவீர்கள். "அடி மெலனி! ஆருக்கும் குடுக்காதை, அடி!" மைதானத்தில் தமிழ் தெரிந்தவள் நான் ஒருத்திதான். வெட்கம் எனக்கு மட்டும்தான்.

பிறகு முழங்கால். யாரும் தொடவில்லை, பயிற்சியில் திரும்பினேன், தசைநார் அறுந்தது. ஒன்பது மாதம் கழித்துத் திரும்பி வந்தேன், மறுபடியும் அதே கால். கழகம் ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கவில்லை. இரண்டு வரியில் நன்றி சொல்லிக் கடிதம் அனுப்பினார்கள்.

அந்தக் கடிதத்தை மேசையில் வைத்துவிட்டு, "நான் நிப்பாட்டப் போறன் அப்பா" என்றேன். நீங்கள் தேநீரைக் கலக்கிக்கொண்டே இருந்தீர்கள். "தொடங்கேக்க என்னட்டைக் கேட்டோ தொடங்கினனீ? நிப்பாட்டேக்கையும் கேக்காதை." அவ்வளவுதான். எழும்பி வேலைக்குப் போய்விட்டீர்கள்.

அடுத்த இரண்டு கிழமையும் மழையைப் பற்றிக் கதைத்தோம், பல் வைத்தியரைப் பற்றிக் கதைத்தோம். மூன்றாம் கிழமை அந்த ஆஸ்பத்திரிச் சமையலறையிலேயே உங்கள் இதயம் நின்றுபோனது. மேல்மாடியில் அத்தனை வைத்தியர்கள் இருந்தார்கள்.

உங்கள் கடைசி வசனம் கோபமா, வெறுப்பா? அந்தக் கேள்வியைச் சுமந்துகொண்டுதான் சிட்னிக்கு வந்தேன். பிசியோதெரபி படித்திருந்தபடியால் பிளாக்டவுனில் ஒரு முதியோர் இல்லத்தில் வேலை கிடைத்தது. பந்தடிக்கிற சப்பாத்து எதுவும் கொண்டு வரவில்லை. விளையாடினவள் என்று ஒருவருக்கும் சொல்லவில்லை.

மாமிதான் விடவில்லை. "ஞாயிற்றுக்கிழமையில ரீவிக்கு முன்னால குந்தியிருக்காதை, வா" என்று பூங்காவுக்கு இழுத்துப் போனார். பிள்ளைகளைத் தமிழ் வகுப்பில் விட்டுவிட்டுக் காத்திருக்கும் அம்மாமார் சேர்ந்து அங்கே ஓர் அணி வைத்திருந்தார்கள். தொடங்கிய நாளிலிருந்து ஓர் ஆட்டமும் வெல்லாத அணி. தலைவி கோமதி அக்கா மலேசியாவிலிருந்து வந்தவர், கோல் காப்பவரும் அவர்தான். அன்றைக்கு ஓர் ஆள் குறைவு.

"முன்ன ஆடியிருக்கியாம்மா?" என்று கேட்டார்.

"கொஞ்சம்" என்றேன். அவுஸ்திரேலியாவில் நான் சொன்ன முதல் பொய் அது.

இரவல் சப்பாத்து ஒரு அளவு பெரிது. முதல் பந்து கிடைத்ததும் தூரத்திலிருந்தே அடித்தேன். எதிரணி கோல்காரி அசையவே இல்லை. கோமதி அக்கா மறுபக்கக் கம்பத்திலிருந்து ஓடி வந்தார். "கொஞ்சமா? ஏய், உண்மையச் சொல்லு, நீ யாரு?"

நான் சிரித்தேன் அப்பா. நீங்கள் போன பிறகு மைதானத்தில் நின்று சிரித்தது அன்றைக்குத்தான். அந்த வருடம் நாங்கள் மூன்றாவதாக வந்தோம். கோப்பையே எடுத்ததுபோல் கேக் வெட்டினோம்.

அந்த ஆட்டங்களில் ஒன்றுக்கு நடுவராக வந்த பெண்தான் இங்கத்தைய பெரிய அணியின் பயிற்றுநரிடம் என்னைப் பற்றிச் சொன்னவர். கூப்பிட்டார்கள். இரண்டு நாள் ஓடவைத்துப் பார்த்தார்கள். பயிற்றுநர் மூன்று கேள்விதான் கேட்டார்: வயது என்ன, முழங்கால் எப்படி, ஏன் இப்போது? முப்பது, இரண்டு முறை அறுந்தது, தெரியாது என்று சொன்னேன். அவர் சிரித்துவிட்டு, காயப்பட்ட ஒருத்தியின் இடத்தில் ஆறு மாத ஒப்பந்தம் தந்தார்.

நிரந்தர வேலையை விடவேண்டும். கால் மூன்றாம் முறையும் போனால் நடையே பழுதாகலாம். வீட்டுக்கு வந்து மாமியிடம், "நான் போகேல்லை" என்றேன். "போனாலும் சந்தோசப்பட ஆர் இருக்கினம்? அப்பாவுக்கே வெறுத்துப்போச்சு."

மாமி அடுப்பை நிறுத்தினார். கதிரையை இழுத்து எனக்கு முன்னால் இருந்தார்.

"அந்தக் கிழமை அண்ணை எனக்கு ரெலிபோன் எடுத்தவர். என்ன சொன்னவர் தெரியுமோ? 'பிள்ளை நிப்பாட்டப் போறாளாம் ரீற்றா. விளையாடு எண்டு என்ர வாயால சொன்னா, எனக்காக விளையாடுவாள். காலை உடைச்சுக்கொண்டு எனக்காக அவள் விளையாட வேண்டாம். வேணுமெண்டா அவளே திரும்பிப் போவாள்' எண்டு. சொல்லிப்போட்டு அழுதவர்."

"ஏன் மாமி இவ்வளவு நாளும் சொல்லேல்லை?"

"அவற்ர பேரை எடுத்தாலே நீ எழும்பிப் போயிடுவாயே. ஆருக்குச் சொல்லுறது?"

மைதானமே அதிரக் கத்துகிற மனுசன், அந்த ஒரு நாள் வாயை மூடிக்கொள்ள எவ்வளவு பாடுபட்டிருப்பீர்கள்? நான் அன்று எவ்வளவு நேரம் அழுதேன் என்று எழுதப்போவதில்லை. அடுத்த நாள் காலை போய்க் கையெழுத்து வைத்தேன்.

ஆறு மாதம் ஒரு வருடமானது, பிறகு இன்னொரு வருடம். வாங்கு எனக்குப் பழகிய இடம் என்பதால் அது என்னைப் பயமுறுத்தவில்லை. கடைசி இருபது நிமிடம் இறக்குவார்கள், எதிரணி களைத்திருக்கும், நான் களைத்திருக்க மாட்டேன். இந்தப் பருவத்தில் அப்படியே கோல் கோலாக அடித்தேன். அணியிலுள்ள சின்னப் பிள்ளைகள் எங்கட ஆக்களைப்போல் என்னை 'அன்ரி' என்று கூப்பிடப் பழகிவிட்டார்கள். எல்லாம் மாமியின் வேலை.

இறுதி ஆட்டத்துக்கு மாமியும் கோமதி அக்காவும் எங்கள் அம்மாமார் அணியில் எட்டுப் பேரும் மெல்பேர்ணுக்கு வந்துவிட்டார்கள். காலையில் கேரம் டவுன்ஸ் கோவிலுக்குப் போய்த் தேங்காய் உடைத்தார்களாம். மாமியும் கழுத்தில் செபமாலையோடு கூடப் போயிருக்கிறார். கேட்டால், "எல்லாரும் எங்கட ஆக்கள்தானே. சாப்பாடும் நல்லாயிருந்தது" என்கிறார்.

எழுபதாவது நிமிடம் என்னை இறக்கினார்கள். ஒன்றுக்கு ஒன்று. எண்பத்தெட்டில் எங்கள் மூலை உதையொன்றை அவர்கள் அடித்து வெளியேற்ற, பந்து துள்ளி இடப்பக்கம் என்னிடம் வந்தது. என்னைத் தடுக்க நின்ற பெண் கெட்டிக்காரி. வலப்பக்கத்தை அடைத்துக்கொண்டு இடப்பக்கத்தைத் திறந்துவிட்டாள். இந்தக் காலால் நான் அடிக்க மாட்டேன் என்று லீக் முழுவதற்கும் தெரியும். எனக்கும் அப்படித்தான் தெரிந்திருந்தது.

அடித்தேன். பந்து தூரக் கம்பத்தின் உட்பக்கத்தில் பட்டு உள்ளே போனது.

மெல்பேர்ண் சனம் அப்படியே உறைந்துவிட்டது. அந்த அமைதிக்குள் ஒரு மூலையிலிருந்து உங்கள் குரல் கேட்டது அப்பா, "அடிச்சிட்டாளடா! என்ர பிள்ளை அடிச்சிட்டாள்!" என்று. திரும்பிப் பார்த்தேன். ரீற்றா மாமி கதிரையின் மேல் ஏறி நிற்கிறார். கோமதி அக்கா அவரது சேலைத் தலைப்பைப் பிடித்துக்கொண்டு, விழாமல் காக்கிறார். நான் அந்த மூலைக்குத்தான் ஓடினேன். எனக்குப் பின்னால் முழு அணியும் ஓடி வந்தது.

கோப்பையைத் தூக்கிய பிறகு ஜெர்மனிக்கு, அம்மாவுக்குப் போன் எடுத்தேன். அங்கே காலை நேரம். என் ஆட்டம் நடக்கும்போதெல்லாம் மாதா கோவிலில் மெழுகுதிரி கொளுத்திவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டு இருந்த அம்மா, இந்த முறை முதல் நிமிடத்திலிருந்து கடைசி வரை போனில் பார்த்திருக்கிறார். அழுவார் என்று நினைத்தேன்.

"பிள்ளை, அந்த ஆறாம் நம்பர்காரி உன்ர சட்டையை மூண்டு தரம் பிடிச்சு இழுத்தவள். நான் பாத்தனான். ரெஃபறிக்குக் கண் இல்லையோ?"

இப்படி ஒருத்தியை வீட்டில் வைத்துக்கொண்டா நீங்கள் தனியாகவே மைதானத்துக்கு வந்துகொண்டிருந்தீர்கள்? நீங்கள் இருக்கிற இடத்தில் சத்தம் போட விடுகிறார்களா?

நேற்றுக் கழகத்திலிருந்து வரச் சொன்னார்கள். அடுத்த பருவத்துக்கும் ஒப்பந்தம் தந்திருக்கிறார்கள், இம்முறை தொடக்க அணியில். அம்மாவுக்கு டிக்கற் போட்டாச்சு. ஒக்ரோபரில் முதல் ஆட்டத்துக்கு அம்மாவை மாமிக்கும் கோமதி அக்காவுக்கும் நடுவில் இருத்துவேன். முதல் விசிலிலிருந்து ஓடுவேன். பந்து காலுக்கு வந்தால் பயத்தில் பக்கத்தில் நிற்பவளிடம் தள்ளிவிட மாட்டேன். இது நான் உங்களுக்குத் தருகிற வாக்கு. ஆனால் விளையாடுவது எனக்காகத்தான், அப்பா.

வெற்றிக் களைப்போடு,
உங்கள் மகள்,
திருடி மெலனி