பேலா ராஜா செய்ததும் நாம் செய்ததும்

திருக்காட்டுப்பள்ளி,
மார்கழி 6.

அன்பு மகன் பரணிதரனுக்கு அப்பா தங்கையன் எழுதுவது. நானும் உன் அம்மா சாவித்திரியும் உடம்புக்கு ஒன்றும் இல்லாமல் இருக்கிறோம், நீயும் அந்த புடாபெஸ்ட் குளிரில் காதை மூடிக்கொண்டு வேளாவேளைக்குச் சாப்பிட்டு நன்றாக இருக்க வேண்டும் என்று குலதெய்வத்தைக் கும்பிட்டுவிட்டுத்தான் பேனாவை எடுத்திருக்கிறேன். போனில் பேசாமல் எதற்குக் கடுதாசி என்று கேட்பாய். போனில் நான் வாயைத் திறப்பதற்குள் சரிப்பா சரிப்பா, மீட்டிங் இருக்குப்பா என்று வைத்துவிடுகிறாய். இது அப்படி வைத்துவிடுகிற சங்கதி இல்லை. எழுதி முடித்ததும் ஹபீப் முகம்மது ஜெராக்ஸ் கடையில் ஸ்கேன் எடுத்து உனக்கு அனுப்பச் சொல்கிறேன், நடந்துகொண்டே படிக்காமல் ஒரு இடத்தில் உட்கார்ந்து முழுசாகப் படி.

முதலில் உன் விளையாட்டைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். நீ வேலை பார்க்கும் கம்பெனி பழைய காலத்து ஹங்கேரி ராஜ்யத்தை ஆளுகிற கம்ப்யூட்டர் விளையாட்டு செய்கிறது, அதில் வருகிற வாசகங்களைத் தமிழில் நீதான் எழுதுகிறாய், சாதாரண ஆளுக்குப் புரிகிறதா என்று அப்பா ஆடிப் பார்த்துச் சொல்லணும் என்று ஆவணியில் அனுப்பினாய் அல்லவா. அறுபத்து மூன்று வயசில் எனக்கு என்னடா விளையாட்டு என்று அப்படியே போட்டுவிட்டேன். கார்த்திகை மழையில் வீட்டைவிட்டு இறங்க முடியாமல் போனதும் மத்தியானத்தில் நீ விட்டுப்போன லேப்டாப்பைத் திறந்தேன். உன் தமிழைப் பற்றி முதலில் திட்டிவிடுகிறேன். 'வேளாண் உபரி குறைந்துள்ளது' என்று ஒரு அறிவிப்பு வருகிறது. எந்த ஊரிலடா அப்படிப் பேசுகிறார்கள், களஞ்சியத்தில் நெல் குறைந்துவிட்டது என்று எழுதினால் கை வலிக்குமா. அவர்கள் ஊரில் நெல் இல்லை கோதுமைதான் என்றால் கோதுமை என்று போடு. அப்புறம் அந்த டிஸா ஆறு. பெருகினால் வருமானம் குறையும் என்பதோடு சரி. தண்ணீர் எந்தப் பக்கம் வடிகிறது, எந்தக் கரை பலவீனம், யார் கரையைப் பார்த்துக்கொள்கிறார்கள் என்று ஒன்றையும் காணோம். ஆற்றை நீலக் கோடாக வரைந்துவிட்டால் ஆகிவிட்டதா. இதை உன் மேலதிகாரியிடம் நான் சொன்னதாகவே சொல்.

ஆனாலும் ஆட ஆட விடமுடியவில்லை, ஒத்துக்கொள்கிறேன். என்னை அந்த ஹங்கேரிக்கு பேலா ராஜாவாக உட்கார வைத்துவிட்டாய். நாலா பக்கமும் வேலை, கோட்டை கட்டு, உப்புச் சுரங்கத்துக்கு ஆள் அனுப்பு, பிரபுக்களைச் சமாதானப்படுத்து. கிழக்கே தாத்தாரியர், அதாவது மங்கோலியர், படை வருகிறது என்று பயமுறுத்திக்கொண்டே இருக்கிறது. அந்தச் சமயத்தில்தான் அந்தக் குமானியர் வருகிறார்கள். தாத்தாரியரிடம் அடிபட்டு, ஆடுமாடு பெண்டுபிள்ளையோடு எல்லையில் வந்து நின்று இடம் கேட்கிற கூட்டம், அதற்குக் கோத்தன் என்று ஒரு தலைவன். இடம் கொடுத்தேன். அவர்கள் குதிரை வீரர்கள், எதிரி எப்படி வருவான் என்று தெரிந்தவர்கள், எனக்குப் பெரிய பலம். அப்புறம் என் பிரபுக்கள் ஒவ்வொருவராக வந்து, இவன் எதிரியின் உளவாளி, விட்டுவைத்தால் ராஜ்யத்தையே முழுங்கிவிடுவான் என்று சொல்லச் சொல்ல, திரையில் நீ எழுதிய கேள்வி வந்தது. 'கோத்தனை என்ன செய்வது?' கீழே மூன்று பதில். காவல் போட்டுப் பாதுகாப்பது, கூப்பிட்டு விசாரிப்பது, பிரபுக்களின் விருப்பத்துக்கு விட்டுவிடுவது. நான் கொஞ்சம்கூட யோசிக்காமல் மூன்றாவதை அழுத்தினேன். அவர்கள் அவனைக் கொன்றார்கள். அவன் ஜனமெல்லாம் கோபத்தில் ஊரைக் கொளுத்திக்கொண்டு தெற்கே போய்விட்டது. அடுத்த ஆறு மாதத்தில் தாத்தாரியர் வந்து என் ராஜ்யத்தைத் துடைத்து எடுத்துவிட்டார்கள். லேப்டாப்பை மூடிவிட்டேன். அன்றைக்கு மேற்கொண்டு ஆட மனசு வரவில்லை பரணி. எதனால் என்று உனக்கே தெரிந்திருக்கும், தெரியாவிட்டால் சொல்கிறேன்.

புரட்டாசியில் நாம் முருகையனை நிலத்தைவிட்டு அனுப்பினோம். நாம் என்றுதான் எழுதுகிறேன், நான் மட்டும் இல்லை. பள்ளத்து நிலம் நாலு ஏக்கரை இருபத்திரண்டு வருஷமாகக் குத்தகைக்குச் சாகுபடி செய்தவன். ஒரு துண்டுக் காகிதம் கிடையாது, எல்லாம் வாய்ப்பேச்சு. எழுதிக் கொடுத்தால் நிலம் திரும்பாது என்று நம் பக்கத்தில் எல்லாருக்கும் ஒரு பயம், எனக்கும்தான். குறுவை அறுத்த கையோடு அமிர்தலிங்கம் சித்தப்பா வந்தான். முருகையன் பூதலூர் தாலுகா ஆபீசில் நம் சர்வே நம்பர் போட்ட காகிதத்தோடு நிற்பதைப் பார்த்தானாம். "குத்தகைப் பதிவுக்கு மனு குடுக்குறாண்ணே, நீ தூங்கிட்டிருக்கே" என்றான். அன்றைக்கே உனக்குப் போன் போட்டேன். நீ என்ன சொன்னாய் ஞாபகம் இருக்கிறதா. "முளையிலேயே கிள்ளிடுங்கப்பா, பின்னாடி கோர்ட்டு கேஸுன்னு நான் அலைய முடியாது" என்றாய். அம்மா மட்டும்தான், ஒரு வார்த்தை அவனைக் கேட்டுவிட்டு அப்புறம் எதுவானாலும் செய்யுங்கள் என்று அடுக்களையிலிருந்து கத்திக்கொண்டிருந்தாள். யார் காதில் விழுந்தது. மறுநாள் வரப்பில் வைத்தே சொல்லிவிட்டேன், சம்பாவுக்கு நீ வரவேண்டாம், பரணியும் அதையேதான் சொல்கிறான் என்று. உன் பேரைச் சொன்னதும்தான் நிமிர்ந்து பார்த்தான். அதுவரைக்கும் ஏதோ கோபத்தில் பேசுகிறேன் என்று நினைத்திருப்பான் போலிருக்கிறது. மண்வெட்டியைக் கழுவித் தோளில் போட்டுக்கொண்டு போய்விட்டான். சம்பாவுக்கு என்று அவன் விட்டுவைத்திருந்த நாற்றங்கால் அப்படியே நின்றது. அதைப் பறித்துத்தான் நான் ஆள் வைத்து நட்டேன். வெட்கமாக இருக்கிறது எழுதுவதற்கு.

இனிமேல் எழுதப்போவதை நான் இதுவரை உன்னிடம் சொல்லவில்லை. கார்த்திகை பிறந்த அன்று சுவரில் இருக்கும் நாள்காட்டியில் பால் கணக்கைப் பார்க்கப் பழைய தாள்களைப் புரட்டினேன். நான்தான் கிழித்த தாளைத் தூக்கிப் போடாமல் ஆணியில் குத்தி வைப்பேனே. புரட்டாசித் தாள் ஒன்றில் என் கையெழுத்திலேயே இருக்கிறது, 'முருகையன், பூதலூர், அடங்கல் நகல்' என்று. சம்பாவுக்கு சொசைட்டியில் உரம் வாங்க, எந்த நிலத்தில் என்ன பயிர் என்று காட்டுகிற அடங்கல் நகல் வேண்டும், வி.ஏ.ஓ. அன்றைக்குத் தாலுகா ஆபீசில் இருக்கிறார், போய் வாங்கிக்கொண்டு வா என்று நானேதான் அவனை அனுப்பியிருக்கிறேன். சர்வே நம்பர் எழுதிய காகிதமும் நான் கொடுத்ததுதான். சுத்தமாக மறந்துபோனேன். நானே அனுப்பி நானே சந்தேகப்பட்டு நானே விரட்டியிருக்கிறேன். பேலா ராஜாவுக்காவது பிரபுக்கள் பொய் சொன்னார்கள், எனக்கு என் மண்டையே பொய் சொல்லிவிட்டது.

அதற்கப்புறம் நாலாம் நாள் அந்த மழை. உனக்குப் போட்டோ அனுப்பினேன், ஐயோ பாவம் என்று பதில் போட்டாய். போட்டோவில் தண்ணீர் தெரியும், காரணம் தெரியாது. ஒவ்வொரு வருஷமும் மழைக்கு முன்னாலேயே முருகையன் வடிகாலில் இறங்கி, குழாய்ப் பாலத்தை அடைத்திருக்கும் ஆகாயத்தாமரையை இழுத்துப் போட்டுவிட்டு, வரப்பை எங்கேயோ ஓரிடத்தில் வெட்டிவிடுவான், இரண்டு நாளில் தண்ணீர் இறங்கிவிடும். எங்கே வெட்டுவான் என்று எனக்குத் தெரியாது. என் நிலம், என் அப்பா நிலம், எனக்குத் தெரியாது. இடுப்பளவு தண்ணீரில் நானும் அமிர்தலிங்கமும் நின்றுகொண்டு இங்கே வெட்டு, அங்கே வெட்டு என்று கத்தினோம். நாங்கள் வெட்டிய இடத்தில் தண்ணீர் வெளியே போவதற்குப் பதிலாக உள்ளே வந்தது. ஒன்பது நாள் நின்று பயிர் அழுகிவிட்டது, அமிர்தலிங்கம் பயிரும் சேர்த்து. இப்போது அமிர்தலிங்கம் முருகையன் பேச்சை எடுத்தாலே எழுந்து போய்விடுகிறான்.

அப்புறம்தான் நான் விளையாட்டைத் திரும்பத் திரும்ப ஆடினேன். இரண்டாம் முறை கூப்பிட்டு விசாரித்தேன், தாமதமாகிவிட்டது, அதற்குள் கொன்றுவிட்டார்கள். மூன்றாம் முறை காவல் போட்டேன், பிரபுக்கள் கதவை உடைத்தார்கள். என்னடா இது அக்கிரமம் என்று உன்மேல் கோபம் வந்தது. நாலாம் முறை, ராஜ்யம் எரிந்துபோன பிறகும் மூடாமல் தொடர்ந்து ஆடினேன். அழிந்ததற்கு அப்புறம் என்ன இருக்கிறது என்று யாரும் பார்ப்பதில்லை போலிருக்கிறது, நான் பார்த்தேன். சில வருஷம் கழித்து ஒரு கேள்வி வந்தது. 'குமானியரைத் திரும்ப அழைப்பதா?' பேலா ராஜா நிஜமாகவே அழைத்தார், சமவெளியில் அவர்களுக்கென்று நிலம் விட்டுக் குடியமர்த்தினார் என்று பக்கத்தில் நீயே குறிப்பு எழுதியிருக்கிறாய். அதற்கு நிபந்தனை, நிலத்தை அவர்கள் பேரில் எழுதிக் கொடுக்க வேண்டும். இவ்வளவு தெரிந்தவன், இதையெல்லாம் உட்கார்ந்து தமிழில் எழுதியவன், போனில் என்னிடம் எப்படியடா கிள்ளிடுங்க என்று சொன்னாய். உன்னைத் திட்டுவதற்காகக் கேட்கவில்லை. எனக்கு நிஜமாகவே புரியவில்லை.

போன செவ்வாய்க்கிழமை முருகையன் வீட்டுக்குப் போனேன். இருபத்திரண்டு வருஷத்தில் அவன் நம் கொல்லைப்புறம் வராத நாள் இல்லை, நான் அவன் வாசலை மிதித்தது இதுதான் முதல் தடவை. அவன் பெண்சாதி கண்ணாத்தாள் பிளாஸ்டிக் நாற்காலியைத் துடைத்துப் போட்டாள், டீயைக் கொண்டுவந்து கொடுக்கலாமா வேண்டாமா என்று கதவோரம் நின்றாள். நானே எழுந்து வாங்கிக் குடித்தேன். நாள்காட்டித் தாளை எடுத்து நீட்டி, தப்பு என்னுடையது, மறந்துபோய்விட்டேன், மன்னிச்சுடு என்றேன். தாளை வாங்கிப் படித்துவிட்டு மடித்துத் திருப்பிக் கொடுத்தான். கத்தியிருந்தால்கூட எனக்குத் தேவலை. "நான் திருடனாவே இருந்துட்டுப் போறேன், ஒரு வார்த்தை கேட்டிருக்கலாமுல்ல. அதுதாங்க மனசுக்கு ஆறல" என்றான். எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது, மறைக்க இடமில்லை. திரும்ப வா என்றேன். அவன் மகன் தமிழ்மாறன், பூதலூரில் வாத்தியாராக இருக்கிறானே, அவன் உள்ளேயிருந்து வந்து, அப்பா, எதுவானாலும் எழுத்தில் கேளுங்கள் என்றான். அப்புறம் முருகையன் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். "வாய்ப்பேச்சை நம்பி இத்தனை வருசம் இருந்துட்டேங்க. இனிமே பதிவு வேணும். உங்க கையெழுத்து மட்டும் பத்தாது. தம்பி சொல்லித்தானே அனுப்புனீங்க, தம்பியும் போடட்டும்."

அவன் கேட்டதில் என்ன தப்பு. நீ ஆறாம் வகுப்பு படிக்கும்போது வெள்ளத்தில் பஸ் வராமல் உனக்குக் காய்ச்சல் நெருப்பாகக் கொதித்தபோது, மார்பளவு தண்ணீரில் உன்னைத் தலைக்குமேல் தூக்கிக்கொண்டு டாக்டர் வீட்டுக்குப் போனவன். அந்தக் கையைத்தான் நீ அங்கேயிருந்து தட்டிவிட்டாய். ஆற்றுக்கு அந்தப்புறம் ஒருவர் அவனைத் தன் நிலத்தில் சாகுபடி செய்யக் கூப்பிட்டிருக்கிறார், தை பிறந்ததும் பதில் சொல்வதாகச் சொல்லியிருக்கிறான். பொங்கலுக்குள் நம் பதில் போகாவிட்டால் அவன் நமக்கு இல்லை. பட்டா நம் இரண்டு பேர் பேரிலும் இருக்கிறது. பதிவு செய்தால் நினைத்தபோது அவனை எழுப்ப முடியாது, நாளைக்கு நீ நிலத்தை விற்க நினைத்தாலும் அவனைக் கேட்டுத்தான் ஆக வேண்டும். இதை மறைத்து உன்னிடம் கையெழுத்து வாங்க மாட்டேன். சித்தப்பா உனக்குப் போன் செய்து அப்பாவுக்குப் புத்தி கலங்கிவிட்டது, லேப்டாப்பில் எதையோ பார்த்துவிட்டு நிலத்தைத் தூக்கிக் கொடுக்கிறார் என்பான். கலங்கினது புரட்டாசியில், இப்போது இல்லை என்று சொல்.

விளையாட்டில் நிலத்தை எழுதிக் கொடு என்பதை நான் அழுத்தினேன். உடனே 'வாரிசின் அதிருப்தி முப்பது கூடியது' என்று சிவப்பு எழுத்தில் வந்தது. அந்த வரியையும் நீதான் எழுதியிருப்பாய். அங்கே முப்பது, இங்கே எவ்வளவு என்று எனக்குத் தெரியாது. ஆனாலும் தாலுகா ஆபீஸ் மனுவில் என் கையெழுத்தைப் போட்டு வைத்துவிட்டேன். உன் பேருக்கு நேரே இடம் காலியாக இருக்கிறது.

நீ தீர்க்காயுசாக, மனசில் உறுத்தல் இல்லாமல் வாழ வேண்டும், அதுதான் எங்கள் ஆசீர்வாதம். எண்ணெய் தேய்த்துக் குளி, வெறும் வயிற்றில் காப்பி குடிக்காதே. மனுவோடு முருகையனுக்கு உன் கைப்பட ஒரு கடிதமும் வை. சின்ன வயசிலிருந்து அவனைப் பேர் சொல்லித்தான் கூப்பிட்டாய், நாங்களும் கண்டிக்கவில்லை. இந்தக் கடிதத்தில் அப்படி ஆரம்பிக்காதே, அண்ணன் என்று எழுது என்று அம்மா சொல்லச் சொன்னாள். அதை எழுதச் சொல்லும்போதுதான் கவனித்தேன், இந்தக் கடுதாசி முழுக்க நானும் அவன் இவன் என்றே எழுதியிருக்கிறேன். அடித்துத் திருத்தவில்லை, அப்படியே இருக்கட்டும், நீ பார்.

பொங்கலுக்குள் உன் பதிலை எதிர்பார்க்கும் அப்பா,
தங்கையன்.