ஓநாய் பார்த்த கதவு

கடலில் இருப்பவருக்கு,

கார் டயர்கள் பத்திரமாக இருக்கின்றன. இந்த முறையும் அதைத்தான் கேட்டிருக்கிறீர்கள். அதனால் முதலில் அதைச் சொல்லிவிட்டேன்.

ஆண்கள் போருக்குப் போய்விட்டதால், ஸ்டுடியோவில் வண்ணம் பூசிக்கொண்டிருந்த என்னைக் கார்ட்டூன் வரைய உட்காரவைத்திருக்கிறார்கள். கதை இதுதான்: ஓர் ஓநாய் வாத்து முட்டையைத் திருடித் தின்னப்போகிறது. முட்டை உடைந்து, உள்ளிருந்த குஞ்சு அதை "அப்பா!" என்று கூப்பிடுகிறது.

டைரக்டர் ஹாலிஸுக்குக் கல்யாணமே ஆகவில்லை. "ஏம்மா, அந்த நிமிஷமே ஓநாய் உருகிடணும். அப்பா ஆயிடுச்சுல்ல!" என்று நான் வரைந்ததைக் கிழித்துப் போட்டார்.

"உருகாது சார். முதல்ல வாசக் கதவைத்தான் பாக்கும். அப்புறம் சம்பந்தமே இல்லாம ஏதாவது கேக்கும்," என்றேன்.

"உனக்கெப்படித் தெரியும்?"

உங்கள் விடுமுறையின் கடைசி நாளில், சமையலறையில் நான் உண்டாகியிருக்கும் செய்தியைச் சொன்னதும் நீங்கள் எந்தப் பக்கம் திரும்பினீர்கள், டயரைப் பற்றி என்ன கேட்டீர்கள் என்பதை அவரிடம் சொல்ல முடியுமா? வரையும் மேசையிலுள்ள முகக்கண்ணாடி முன்னால் அதே பார்வையை நானே பார்த்துப் பார்த்து வரைந்தேன். ஓநாய் கதவைப் பார்க்கிறது, "மழை வருமோ?" என்கிறது. போட்டுக் காட்டியதும் எல்லாரும் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். எனக்குத்தான் பற்றிக்கொண்டு வந்தது.

படம் போர்க் கப்பல்களுக்கும் போகிறதாம். நீங்களும் சிரிப்பீர்கள். சிரித்துவிட்டு எழுந்து போய்விடாமல் முடிவையும் பாருங்கள். ஓநாய் கதவைச் சாத்திவிட்டுக் குஞ்சிடம் திரும்பி வருகிறது. மொத்தப் படமே ஏழு நிமிடம்தான்; திரும்பி வர அதற்கு அதுகூட ஆகவில்லை.

அவளுக்கு இரண்டு பல் முளைத்துவிட்டது. டயரைப் பற்றி இனி எழுத மாட்டேன்.

உங்கள் மகளின் அம்மா