பூனை என்று பேர் வந்த கதை

அன்புள்ள கயார்தாவுக்கு, கொலோன் நகரிலிருந்து உன் பெர்த்ரான் எழுதுவது. கடவுள் அருளால் நலம். உனக்கு இருமல் நின்றதா? அம்மா சாப்பிடுகிறாளா?

இங்கே தறிக்கூடத்தில் ஒரு வேடிக்கை. எலி பிடிக்க வந்த பூனை என் மடியில் ஏறிப் படுத்துக்கொண்டது. முதலாளி மனைவி இர்ம்கார்ட் சிரித்தாள்.

"இவனும் திருச்சபைய எதிர்க்கிற அந்தக் கத்தார் கூட்டம் போல! பூனைக்கு முத்தம் குடுக்கறதாலதானே அவனுங்களுக்கு அந்தப் பேரு!"

இவர்கள் பேச்சில் பூனைக்கான சொல்லும் கிட்டத்தட்ட அப்படித்தான் ஒலிக்கும். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்துவைத்தேன். பக்கத்துத் தறியிலிருந்த லம்பெர்ட் மட்டும் சிரிக்கவில்லை.

"பூனைக்கும் அதுக்கும் சம்பந்தமே இல்லம்மா. கிரேக்கத்துல தூயவங்கன்னு அர்த்தம். அதுவும் ஊரார் வச்ச பேருதான். அவங்க தங்களை நல்ல கிறிஸ்தவங்கன்னுதான் சொல்லிக்குவாங்க."

"உனக்கெப்படிடா இதெல்லாம் தெரியும்?" என்றாள்.

மறுநாள் திருச்சபை ஆயரின் ஆட்களும் அதையே கேட்டு அவனைக் கூட்டிப்போனார்கள். இப்போது அவன் தறியில் வேறு ஆள் நெய்கிறான். இங்கே நம் ஊர்ப் பேச்சு தெரிந்தவன் அவன் ஒருவன்தான்.

கம்பளிக் காலுறை ஒரு ஜோடி கொடுத்தனுப்பு. தறிக்குழியில் கால் மரத்துப்போகிறது. சாப்பாட்டுக்கு முன் நாம் சொல்லும் ஜெபத்தை இனி மனதுக்குள்ளேயே சொல்.

நாளை என்னையும் விசாரணைக்கு வரச் சொல்லியிருக்கிறார்கள். பயப்படாதே. அந்தப் பேருக்குப் பூனை என்றுதான் அர்த்தம் என்று சொல்லிவிட்டு வந்துவிடுவேன். லம்பெர்ட்டை எனக்கு எதிரே நிறுத்திவைத்துத்தான் கேட்பார்களாம்.

கடிதம் கொண்டுவரும் வியாபாரி வண்டி பூட்டிவிட்டார். நிறுத்துகிறேன்.

உன் பெர்த்ரான்